புளி போட்டுத் துலக்கிய ஒரு கிலோ

ரங்கூன், 2002 நவம்பர் 21, வியாழன்

காலையில் நல்ல குளிர். போர்வையை விட்டு எழ மனசில்லை. தாமுவே முனையில் பஸ்ஸுக்கு முக்கால் மணி நேரம் நின்றேன். வந்ததிலும் தொங்கல்தான்.

ஆபீஸில் ஒரே அமளி. ஞாயிற்றுக்கிழமை அந்த அம்மாள் வருகிறார். அதற்குள் செய்ய வேண்டியவை:

– அளவு அறைத் தரை.
– தராசின் கண்ணாடிக் கூண்டு, உள்ளும் புறமும்.
– ஏசி ரிப்பேர்காரர். மூன்றாம் தடவையாகச் சொல்லி அனுப்ப.
– பல்லி. எப்படியாவது.
– மூல எடை. அதை நானே.

எங்கள் தலைவர் ஊ டின் லாய், நாங்கள் சயா என்று கூப்பிடுபவர், அந்த அம்மாளைப் பற்றி டைப் அடித்த தாளை எல்லோரையும் நிற்க வைத்துப் படித்தார். பெயர் டாக்டர் லலிதா. தமிழர். பிறந்தது இங்கேதான், ஆற்றுக்கு அக்கரை டாலாவில்! அப்பா கப்பல் பட்டறையில் ஃபிட்டர். 64இல் இந்தியாவுக்குக் கப்பலேறியபோது வயது பதினான்கு. மதராஸில் இன்ஜினியரிங். பிறகு ஆஸ்திரேலியா. அந்த நாட்டுச் சர்க்காரின் அளவியல் நிறுவனத்துக்குத் தலைவி. அப்புறம் மின்சக்தி ஆராய்ச்சி நிறுவனத்துக்கு. இப்போது விஞ்ஞானம் என்று பெயர் வைத்த எல்லாவற்றுக்கும் மேலே ஒரு நாற்காலி. வேற்று நாட்டில் பிறந்த ஆளை, அதுவும் ஒரு பெண்ணை, மூன்று தடவை தலைவியாக உட்கார வைத்திருக்கிறார்கள். அம்மாடி.

நானும் ஒரு தலைவிதான். ஒரே ஓர் அறைக்கு. அந்த அறைக்கு ஜன்னல்கூடக் கிடையாது.

அவருக்கு ஐம்பத்திரண்டு, எனக்கு ஐம்பத்தொன்று. முனிசிபாலிட்டி வேலையை விட மனசில்லாமல் எங்கள் அப்பா கப்பலேறவில்லை. அவ்வளவுதான் வித்தியாசம் என்று சொல்லிக்கொள்ள ஆசை. அவ்வளவுதானா என்று தெரியவில்லை.

23, சனி

வீட்டுக்காரர் தன்லியின் ஊருக்குப் போய்விட்டார், பஸ் டிப்போவில் டைம் கீப்பர் வேலை. எனக்கு அரை நாள் ஆபீஸ். ஆள் யாருமில்லை. நிம்மதி.

மூல எடையை எடுத்தேன். ஒரு கிலோ, பித்தளை, தலையில் சின்னக் குமிழ். ஊரிலுள்ள எடைக்கல்லெல்லாம் சரியா என்று பார்க்க எங்களிடம் வேலைக் கற்கள் உண்டு. அந்த வேலைக் கற்கள் சரியா என்று பார்க்க இது. இது சரியா என்று பார்க்க எதுவும் இல்லை. பெட்டியும் அறைச் சாவியும் என்னிடம். 88 கலவரத்துக்குப் பிறகு எனக்கு முன் இந்த அறையைப் பார்த்துக்கொண்ட ஊ பா சோ வேலைக்குத் திரும்பவில்லை. அவருடைய நோட்டைப் பார்த்து எடை பார்க்கக் கற்றுக்கொண்டேன். ஆள் சொல்லித் தரவில்லை, நோட்டுதான்.

ஒரு மாதத்துக்கு முன் ஆயுத பூஜைக்குத்தான் துலக்கினேன். அதற்குள் குமிழின் கழுத்தில் லேசாகக் கறுப்பு. ஆஸ்திரேலியாவிலிருந்து வருகிறவர் கண்ணில் இது படலாமா? புளி, சலித்த சாம்பல், தேங்காய் நார். வழக்கம்போலத் தேய்த்தேன். கழுவி, துடைத்து, மேசையில் வைத்தால் என் முகம் தெரிந்தது. மூக்கு மட்டும் பெரிதாக.

சயாவுக்கு இது ரொம்பப் பிடிக்கும். மூன்று வருஷத்துக்கு முன் எனக்குப் பாராட்டுக் கடிதம் எழுதிக் கண்ணாடி போட்டு அறையில் மாட்டியவர் அவர்தான். "ஒளி குன்றாத பராமரிப்பு." பூஜை சுண்டலை இரண்டு தட்டு சாப்பிடுகிறவரும் அவர்தான்.

24, ஞாயிறு

மிங்கலாடோன் விமான நிலையம். விமானம் ஒன்றரை மணி தாமதம். சயா கோட்டுக்குள் வேர்த்துக்கொண்டிருந்தார்.

டாக்டர் லலிதா (இனி டா.ல.) குள்ளம். நரைத்த கிராப்பு. கசங்கிய பருத்திச் சட்டை. இவரா என்று நினைத்தேன், ஒத்துக்கொள்கிறேன். மார்போடு ஒரு மரப்பெட்டியை அணைத்துக்கொண்டு வந்தார், பச்சைக் குழந்தையைத் தூக்குவதுபோல. அதற்குள் எஃகில் ஒரு கிலோ. எங்கள் எடையை ஒப்பிட்டுப் பார்த்து, சரியென்றால் எங்கள் அளவுக்கூடத்தை வெளிநாடுகள் ஏற்றுக்கொள்ளும். இல்லையென்றால் இல்லை.

சுங்கச் சோதனை அதிகாரி பெட்டியைத் திறக்கச் சொன்னார். முப்பது வயதிருக்கும். அப்போதுதான் டா.ல. பர்மியத்தில் பேசினார். அய்யோ! பதினான்கு வயதில் விட்டுப்போன பர்மியம், அதே வயதில் அப்படியே நிற்கிறது. தன்னைத் 'தமீ' என்கிறார், மகள் என்று. அந்தப் பையனை 'ஊலே' என்கிறார், சித்தப்பா என்று.

"தமீ திறக்கிறேன், ஊலே. ஆனா கையாலே தொடக்கூடாது. தொட்டா எடை மாறிடும்."

அதிகாரிக்குச் சிரிப்பு. "விரல் பட்டால் மாறுமா?"

"மாறும். உங்க விரலோட எண்ணெய் அதிலே ஒட்டிக்கும்." பையிலிருந்து வெள்ளைக் கையுறை எடுத்து நீட்டினார். "போட்டுக்கிட்டு நல்லாப் பாருங்க."

அவர் போட்டுக்கொண்டார். குனிந்து பார்த்தார். தொடவில்லை. அப்புறம் பெட்டியை அவரே இரண்டு கையாலும் ஏந்தி கார் வரை வந்து வைத்தார். வரிசையில் நின்றவர்கள் ஏதோ புத்தரின் தாது என்று நினைத்தார்களோ என்னவோ, இரண்டு பேர் கும்பிட்டார்கள்.

காரில் என்னிடம் தமிழில்: "நீங்க செல்வமணிதானே? கடிதத்திலே டோ சான் சான்னு போட்டு, அடைப்புக்குள்ளே செல்வமணின்னு இருந்தது."

"ஆபீஸ்ல சான் சான், வீட்டுல செல்வமணிங்க."

"எனக்கு அங்கே லில்லி. இருபது வருஷமா லலிதான்னு திருத்திக்கிட்டே இருக்கேன்."

என் பெயர் முன்கூட்டியே அவருக்குத் தெரிந்திருக்கிறது. 

25, திங்கள்

கரண்ட் போனது 10.10. வந்தது 2.00. பல்லி இன்னும் அறையில்.

இன்றைக்கு எடை பார்க்க முடியாது என்றுவிட்டார். எஃகுக் கிலோ இந்த அறையின் சூட்டுக்குப் பழக வேண்டும், ஒரு நாளாவது. சயா ஹோட்டலுக்குப் போய் ஓய்வெடுக்கச் சொன்னார். போகவில்லை. முக்காலி போட்டு உட்கார்ந்துவிட்டார். கூட்டும் பெண்மணியிடம் அவர் எந்த நேரத்தில் கூட்டுகிறார், தூசு எப்போது அடங்கும் என்று பத்து நிமிஷம் கேட்டுக் குறித்துக்கொண்டார். மூன்று மணிக்கு கேன்டீனில் மொஹிங்கா, மீன் சாற்று நூடுல்ஸ். கிண்ணத்தைத் தூக்கி அடிச்சாறு வரை குடித்தார்.

மெதுவாக வாயைக் கிண்டினேன். தலைவியாக இருப்பது எப்படி இருக்கும் என்று.

"முதல் நாள் ஒரு ஃபாரம் கொடுத்தாங்க. பிறந்த நாடு, குடியுரிமை, எந்த நாட்டுக்காரின்னு மூணு கட்டம். நான் மூணுலயும் வேற வேற நாடு எழுதினேன். கிளார்க் ஒண்ணை வெச்சுக்கங்கன்னான். மூணும் நிஜம், எதை அடிக்கறதுன்னேன்."

"அப்புறம்?"

"அவன் பக்கத்துல ஒரு கட்டம் புதுசா வரைஞ்சான்."

நான் என்னுடைய நீல அட்டையை நினைத்துக்கொண்டேன். முழுக் குடிமக்களுக்கு ரோஜா நிறம், எங்களைப் போன்ற அரைக் குடிமக்களுக்கு நீலம். எனக்கு யாரும் கட்டம் வரையவில்லை.

இரண்டாவது நிறுவனத்தைப் பற்றியும் சொன்னார். கிராமங்களுக்கு வாங்கிய சூரியசக்திப் பம்புகள் வரிசையாகக் கெட்டுப்போயின. சோதனை செய்து சரியென்று எழுதியது இவருடைய ஆட்கள். விற்ற கம்பெனியின் தலையில் கட்டிவிடுங்கள் என்று மேலிடம். இவர் விசாரணைக் குழு முன்னால் போய், 'எங்கள் சோதனைதான் தப்பு' என்றாராம்.

"பாராட்டினாங்களா?"

"வேலையை எடுத்துட்டாங்க. அடுத்த வேலை வர ஒன்றரை வருஷம்."

அதைச் சிரிக்காமலும் வருத்தப்படாமலும் சொன்னார். மணி கேட்டால் மணி சொல்வதைப் போல.

26, செவ்வாய்

இன்று நடந்ததை எழுதாமல் படுத்தால் தூக்கம் வராது. எழுதினாலும் வராது.

எங்கள் பெட்டியைத் திறந்தேன். டா.ல. பார்த்தார். ரொம்ப நேரம் பார்த்தார். சுவரில் மாட்டியிருந்த பாராட்டுக் கடிதத்தையும் பார்த்து, சயாவைப் படிக்கச் சொல்லிக் கேட்டார். 

கரண்ட் இருந்தது. காற்றில்லை. நான் வைக்க, அவர் படிக்க. பிறகு அவர் வைக்க, நான் படிக்க. மதியம் வரை பத்துத் தடவை. எங்கள் கிலோ குறைகிறது. நூற்று எண்பது மில்லிகிராம். ஒரு சிட்டிகை உப்புதான். அரிசிக் கடைக்கு அது ஒன்றுமே இல்லை. அளவுக்கூடத்துக்கு அது மானம்.

சயா வெளுத்துப்போனார். "செய்து அனுப்பியவர்களின் தப்பாக இருக்கும். பழைய சாமான்."

"யார் சுத்தம் செய்யறாங்க, சயா?" என்று டா.ல. கேட்டார், அதே சிறுமிப் பர்மியத்தில்.

"யாரும் தொடுவதில்லை."

நான் அங்கேதான் நின்றிருந்தேன். இரண்டடி தூரத்தில். வாயைத் திறக்கவில்லை.

"வெள்ளிக்கிழமை ரிப்போர்ட் எழுதணும்" என்றார். "பித்தளையைத் தேய்ச்சா கறுப்பு மட்டும் போகாது. பித்தளையும் சேர்ந்து போகும்." பொதுவாகச் சொன்னதைப் போலச் சொன்னார். அது எனக்கு என்று புரிந்தது.

பஸ்ஸில் வரும்போது இன்னொன்று உறைத்தது. எங்கள் வேலைக் கற்கள் வருஷா வருஷம் கொஞ்சம் கனமாகத் தெரியும். தூசு ஏறுகிறது என்று நினைத்து, அடியில் அரம் போட்டு ராவிச் சரிசெய்வேன். அவை கனக்கவே இல்லை. மூல எடைதான் இளைத்துக்கொண்டிருந்தது. சரியாக இருந்த கற்களையும் நான் ராவித் தப்பாக்கியிருக்கிறேன். பதினாலு வருஷம். பித்தளை என்றால் புளி, இதில் யோசிக்க என்ன இருக்கிறது என்றே இருந்துவிட்டேன். பக்கத்து சீட்டில் ஒரு அம்மாள் இன்னொருத்தியிடம், "முகமே சரியில்லை, காய்ச்சலோ?" என்றாள், என்னைத்தான்.

27, புதன்

காய்ச்சல் என்று லீவு. பொய்.

வீட்டுக்காரரிடம் சொன்னேன். முழுசும் கேட்டுவிட்டு, "வாயைத் தொறக்காதே, மணி" என்றார். "ரோஜா அட்டைக்காரன் தப்பு பண்ணா ஒரு மெமோ. நம்மகிட்ட நீல அட்டை. நேரா வீட்டுக்குத்தான் அனுப்புவான். பென்ஷனுக்கு இன்னும் ஒம்பது வருஷம்."

அவர் சொல்வதில் தப்பே இல்லை.

அலமாரியிலிருந்து ஊ பா சோவின் நோட்டை எடுத்துப் பார்த்தேன். (வீட்டுக்குக் கொண்டுவரக்கூடாதுதான்.) குண்டு குண்டான எழுத்து. சூடு, ஈரம், முள் நின்ற இடம், ஒரு நாள் விடவில்லை. செய்தவர்கள் தப்பு என்று எழுதினால், எடை முதல் நாளிலிருந்தே தப்பு என்று ஆகிவிடும். அப்படியானால் இந்த மனிதரின் முப்பது வருஷமும் தப்பு. அவர் செத்து ஆறு வருஷம். வந்து இல்லை என்று சொல்ல மாட்டார்.

சோறு இறங்கவில்லை. செருப்பு வார் அறுந்தது. துணி காயவில்லை.

28, வியாழன்

சொல்லிவிட்டேன்.

ஆபீஸுக்கு எதிரே லக்பெயே டீக்கடையில், குட்டி முக்காலியில், தமிழில். டீ ஆறிப்போனது. புளி, சாம்பல், தேங்காய் நார், ஆயுத பூஜை, வேலைக் கல்லை ராவியது, ஊ பா சோவின் நோட்டு, எல்லாம். அழக்கூடாது என்றிருந்தேன், அழுதேன். பக்கத்தில் பந்தயக் கதை பேசிக்கொண்டிருந்தவர்கள் திரும்பிப் பார்த்தார்கள்.

டா.ல. திட்டவில்லை. பரவாயில்லை என்றும் சொல்லவில்லை. "எத்தனை தடவை?" என்றார்.

"வருஷத்துக்கு ஒண்ணு. எம்பத்தொம்பதுலேர்ந்து இந்த வருஷம் வரைக்கும். பதினாலு."

"எப்பவும் ஒரே மாதிரியா? யோசிச்சுச் சொல்லுங்க."

"ஒரே மாதிரி. எங்க வீட்டுக் குத்துவிளக்கும் அப்படித்தான்."

"எழுந்திரிங்க. புளி வாங்கணும்."

விளையாடுகிறார் என்று நினைத்தேன். கடையில் நின்று பொறுக்கி வாங்கினார். ஸ்டோர் ரூமில் அதே அளவில் மூன்று பழைய பித்தளைக் கிலோ கிடந்தன, கழித்துப்போட்டவை. மூன்றையும் எடை பார்த்தோம். "இப்ப பூஜைக்குத் தேய்க்கற மாதிரி தேயுங்க. அழுத்தமும் அதே." முழங்கால் போட்டுப் பின்கட்டுக் குழாயடியில் தேய்த்தேன். உலகத்து விஞ்ஞானத்துக்கெல்லாம் தலைவி பக்கத்தில் குந்திக்கொண்டு, கடிகாரத்தைப் பார்த்துக் குறித்துக்கொண்டிருந்தார். வாழ்க்கையில் யாரும் என் கையை இவ்வளவு கவனமாகப் பார்த்ததில்லை.

காய வைத்து, ஆற வைத்து, மறுபடி எடை. ஒன்றில் பதினொரு மில்லிகிராம் குறைந்தது, ஒன்றில் பதின்மூன்று, ஒன்றில் பன்னிரண்டு.

அவருடைய பென்சில் நின்றது. "பதினாலு தடவைக்கு நூத்தி அறுபத்தெட்டு. நமக்குக் குறையறது நூத்தி எண்பது. பன்னிரண்டு உதைக்குது."

நான் தரையைப் பார்த்தேன்.

"செல்வமணி?"

"போன சனிக்கிழமை ஒண்ணு. நீங்க வர்றீங்கன்னு."

அப்போதுதான் சிரித்தார். குழாயடியில் உட்கார்ந்து, கண்ணில் தண்ணீர் வரச் சிரித்தார். எனக்கும் சிரிப்பு வந்தது, அவமானத்தோடு. சிரித்து முடித்து, "பதினஞ்சு. அப்ப அந்தப் பெரியவரோட நோட்டு சரி" என்றார். "இது வந்த அன்னிக்குச் சரியாத்தான் இருந்திருக்கு. எல்லாக் கணக்கையும் திரும்பப் போட்டுடலாம். ஒரு வருஷம்கூடத் தொலையலை."

நான் செய்த பாவத்தை எடுத்துக் கூட்டிப் பெருக்கி விடையாக்கிவிட்டார். கும்பிட வேண்டும்போல் இருந்தது. கையெல்லாம் புளி.

29, வெள்ளி

ரிப்போர்ட். அமைச்சகத்திலிருந்து ஒரு பெரிய அதிகாரி வந்திருந்தார். அதில் ஒரு வரி: 'எடை குறைந்ததற்குக் காரணம், பொறுப்பாளர் ஆண்டுதோறும் புளியும் சாம்பலும் கொண்டு துலக்கியது.'

சயா பேனாவை எடுத்தார், அடிக்க. "இது வேண்டாமே. நாட்டுக்கு அவமானம்."

டா.ல. தாளின் மேல் கையை வைத்துக்கொண்டார். "இந்த வரி போனா, பழைய நோட்டெல்லாம் குப்பை, சயா. இது இருந்தா எல்லாம் பிழைக்கும்."

பெரிய அதிகாரி: "யார் அந்தப் பொறுப்பாளர்?"

சயா என்னைப் பார்க்கவில்லை. சன்னல் இல்லாத சுவரைப் பார்த்தார். டா.ல.வும் சொல்லவில்லை. முந்தின நாள் குழாயடியிலேயே என்னிடம் சொல்லியிருந்தார்: "நடந்ததை எழுதுவேன். பேரை எழுத மாட்டேன். அது உங்க பாடு."

"நான்தான்" என்றேன்.

அதன் பிறகு சயா எழுந்து நின்றார். அதை நான் எதிர்பார்க்கவில்லை. "நன்றாகத் துலக்கினாள் என்று பாராட்டுக் கடிதம் எழுதியது நான்" என்றார். 

அதிகாரி இரண்டு பேரையும் மாறி மாறிப் பார்த்தார். என் அட்டையைக் கேட்டார். நீலத்தைப் பார்த்ததும் உதட்டைக் கடித்தார். முடிவு: நான் அளவு அறையிலிருந்து விலக வேண்டும். டாலாவில் சந்தைத் தராசுகளைச் சோதிக்கும் வேலை. ஆணை திங்கட்கிழமை. அன்று ஐந்து மணிக்குள் சாவியை ஒப்படைக்க வேண்டும்.

வேலையை விட்டே போகச் சொல்லவில்லை. வீட்டுக்காரர் அதைக் கேட்டுப் பெருமூச்சு விட்டார். நான் விடவில்லை. அந்த அறைதான் எனக்கு எல்லாம்.

டிசம்பர் 2, திங்கள்

பனி. காலையில் நாலு தப்படிக்கு மேல் தெரியவில்லை. டா.ல.வுக்குச் சாயங்காலம் விமானம்.

எஃகுக் கிலோ இங்கேயே இருக்கப்போகிறது, மூல எடையாக. இன்றுதான் தெரிந்தது. இரவல் என்று எழுதி, காலக்கெடு போடாமல் விட்டிருக்கிறார். அதை ஏற்றுக்கொள்ளும் தாளுக்கு இரண்டு பேர் தராசைப் படிக்க வேண்டும், ஒருவர் எழுதியதை மற்றவர் பார்க்காமல். ஒருவர் டா.ல. மற்றவர்?

"சயா படிக்கட்டும்" என்றார் பெரிய அதிகாரி.

"எனக்குக் கண்புரை. முள்ளே இரண்டாகத் தெரிகிறது."

"வேறு யார்?"

 வேறு யாரும் இல்லை.

டா.ல. முக்காலியில் உட்கார்ந்து மடியில் கையைக் கோத்துக்கொண்டார். "தமீக்கு அவசரமில்லை. ஆறு மணிக்குத்தான் விமானம்."

அதிகாரி கடிகாரத்தைப் பார்த்தார். ஏசியைப் பார்த்தார். கடைசியில், "டோ சான் சான், படியுங்கள்" என்றார்.

கை நடுங்கினால் தராசு காட்டிக்கொடுத்துவிடும். நடுங்கவில்லை. மூச்சைப் பிடித்து லென்ஸில் முள்ளைப் பார்த்தேன். ஐந்து ஊசல். எழுதி மடித்தேன். டா.ல. படித்தார், எழுதி மடித்தார். அதிகாரி இரண்டு தாளையும் பிரித்தார். முதலில் ஒன்றை உரக்கப் படித்தார், பிறகு மற்றதை. பிறகு முதலாவதை மறுபடி. கடைசிப் புள்ளி வரை ஒன்று.

 அவர் ஃபைலை மூடிவிட்டு டீ கேட்டார். நான்தான் ஏதாவது சொல்வாரென்று நின்றுகொண்டிருந்தேன்.

கார் வரை போனேன். டா.ல. என் கையைப் பிடித்துப் புரட்டி விரல்களைப் பார்த்தார். "நல்ல கை. எங்க ஆளுங்க எட்டுப் பேர்ல ரெண்டு பேருக்குத்தான் இப்படிப் படிக்க வரும்." மூன்று நிறுவனங்களை ஆண்டவர் சொல்கிறார், முகத்துக்காகச் சொல்கிற ஆள் இல்லை.  போய்ட்டு வாங்க என்றுகூடச் சொல்லவில்லை.

4.50. சாவியைத் துடைத்து எடுத்துக்கொண்டு சயாவின் அறைக்குப் போனேன். மேசையில் என் மாற்றல் ஆணை. டைப் அடித்து முத்திரையும் வைத்தாகிவிட்டது. பெரிய அதிகாரி கையெழுத்துப் போடும் இடம் காலி. அவருடைய கார் போய் ஒரு மணி நேரமாகிறது.

சாவியை நீட்டினேன். சயா கையை நீட்டவில்லை.

"நாளைக்குக் காலையில் கதவை யார் திறப்பது?" என்றார்.